சோடாக்காரன் பார்க்காத முடிவு

1

ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் சஞ்சிகையில் எழுதுகிறான் என்று யாரும் குறைத்து நினைக்க வேண்டாம். யாழ்ப்பாணப் பட்டினத்தில் மூன்று கூல்பார் வைத்து நடத்தியவன் நான். எங்கள் றோட்டிலே முதல் பிரிஜ் என்னுடைய கடைக்குத்தான் வந்தது. அதன் கதவைத் திறந்தால் உள்ளே விளக்கு எரிவதைப் பார்க்கவே சனம் வந்து நின்றது. வந்தவர்கள் வெறுங்கையோடு திரும்பக் கூச்சப்பட்டு ஆளுக்கொரு சோடா குடித்துவிட்டுப் போனார்கள். பெருமைக்குச் சொல்லவில்லை. நடந்ததைச் சொல்லுகிறேன்.

இப்போது ரொறன்ரோவில், மல்வேர்னில், மகனுடைய வீட்டில் இருக்கிறேன். வந்து மூன்று பனிக்காலம் போய்விட்டது. வீட்டில் நாலு பேர் இருக்கிறோம் என்று பேர். மருமகள் கலா விடியமுன்னம் பஸ் பிடித்துத் தொழிற்சாலைக்குப் பெட்டி அடுக்கப் போய்விடுவாள். மகன் ரஞ்சன் இரவு வேலை முடிந்து அவள் போன பிறகு வந்து மேலே படுத்துவிடுவான். ஒருவர் இறங்கின படியில் மற்றவர் ஏறுவார். பேத்தி துளசிக்குப் பதினாலு வயது. பள்ளிக்கூடம் போனால் பின்னேரம்தான் வருவாள். மிச்ச நேரமெல்லாம் இந்த வீட்டுக்கு ராசா நான்தான். ஆனால் சத்தம் போடக்கூடாத ராசா. மேலே மகன் நித்திரை. தண்ணீர்ப் பைப்பைக்கூட மெல்லத்தான் திறப்பேன்.

அதனால் ரீவியையும் சத்தமில்லாமல்தான் பார்ப்பது. எனக்கு அதில் நட்டம் எதுவும் இல்லை. சத்தம் இருந்தாலும் அவர்கள் கதைப்பது எனக்கு விளங்கப் போவதில்லை.

இந்த மாசி மாதத்தில் ஒரு நாள் மத்தியானம், வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. ஏதோ ஒரு சனலில் பழைய கறுப்பு வெள்ளைப் படம் போனது. ஒடுங்கின தெரு. ஒரு லொறி பெரிய மோட்டார்ப் படகு ஒன்றைச் சுமந்துகொண்டு வருகிறது. தெருவுக்குள் திரும்ப இடமில்லாமல் பக்கத்து வீட்டு வேலியை இடித்துக்கொண்டு நிற்கிறது. மெலிந்த மனிதன் ஒருவன் வாயைப் பிளந்தபடி வாசலில் நிற்கிறான். அவனுக்குப் பின்னால் மனைவி, கையில் கரண்டியோடு.

என் கையில் இருந்த தேத்தண்ணி கதிரையில் ஊற்றுப்பட்டது. அந்தப் படகை எனக்குத் தெரியும். அந்த வேலியைத் தெரியும். அந்தக் கரண்டியையும் தெரியும். நாற்பது வருடமாக நான் ஊரெல்லாம் சொல்லித் திரிந்த கதை அது.

அசையாமல் இருந்து பார்த்தேன். படம் முடியப் போகிறது என்பது எனக்கு எப்படியோ தெரிந்தது. அந்த நேரம் பார்த்து என் கால்கள் தாமாக எழும்பின. குசினிக்குப் போய்க் கேத்திலை அடுப்பில் வைத்தேன். கேத்தில் கூவத் தொடங்கிய பிறகுதான், ஏன் எழும்பி வந்தேன் என்று யோசித்தேன். ஓடி வந்து பார்த்தால் யாரோ ஒரு பெண் சலவைத்தூள் காட்டிச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

2

அந்த எழும்பலுக்குக் காரணம் இருக்கிறது.

கடைகளுக்கு முதலாளி ஆகமுன்னம், இருபது வயதில், நான் பட்டினத்தில் ஒரு தியேட்டரில் சோடாவும் கச்சான் கடலையும் விற்றவன். தியேட்டரில் சோடா விற்கிறவன் நிறையப் படம் பார்ப்பான் என்று சனம் நினைக்கும். அவன் பார்ப்பது நடுவைத்தான். இடைவேளை மணி அடிக்கக் கொஞ்சம் முன்னம் தட்டோடு உள்ளே போய் இருட்டில் நிற்க வேண்டும். விளக்குப் போட்டதும் கலரியிலிருந்து பல்கனி வரை ஓட வேண்டும். படம் திரும்பத் தொடங்கியதும் வெற்றுப் போத்தல்களைப் பொறுக்கிக்கொண்டு கொஞ்ச நேரம் நிற்கலாம். பிறகு வெளியே வந்துவிட வேண்டும். முடிவு வருகிற நேரம் வாசலில் போத்தல்களை அடுக்கி வைத்துக்கொண்டு நின்றால்தான் வெளியே வருகிற சனத்திடம் யாபாரம் நடக்கும். அந்த ஐந்து நிமிசத்தை விட்டவன் சோடாக்காரனே இல்லை. நான் ஒரு நாளும் விட்டதில்லை.

அதனால் நூற்றுக்கணக்கான படங்களின் நடுப்பகுதி எனக்குத் தெரியும். ஒரு படத்தின் முடிவும் தெரியாது.

தொடக்கத்துக்கு நோட்டீஸ் இருந்தது. இங்கிலிஸ் படங்களுக்கு எங்கள் தியேட்டர்காரர் தமிழில் ஒரு பெயர் வைத்து, கதைச்சுருக்கம் அடித்துக் கொடுப்பார்கள். இந்தப் படத்துக்கு அவர்கள் வைத்த பெயர் ‘அதிர்ஷ்டப் படகு’. அதன் சொந்தப் பெயர் எனக்கு அன்றைக்கும் தெரியாது, இன்றைக்கும் தெரியாது. சப்பாத்துக் கடையில் வேலை செய்யும் ஏழைக் குடும்பஸ்தன் ஒருவன் பிஸ்கட் கொம்பனிப் போட்டிக்கு வெற்றுப் பைக்கற்றை அனுப்பிவிட்டு மறந்துபோகிறான். பரிசு விழுகிறது. பரிசு ஒரு மோட்டார்ப் படகு. அவனுடைய ஊரிலோ கடலும் இல்லை, ஆறும் இல்லை. வேலி உடைந்த அயலவன் சண்டைக்கு வருகிறான். முதலாளி பொறாமையில் வேலையால் நிறுத்துகிறான். படகை வைத்துக்கொண்டு அவன் என்ன செய்தான்? மிகுதியை வெள்ளித்திரையில் காண்க. எல்லா நோட்டீசும் இந்த இடத்தில்தான் முடியும். மிச்சத்தையும் அடித்துக் கொடுத்தால் யார் ரிக்கற் எடுப்பான்?

பெரியாஸ்பத்திரியில் நேர்ஸ் வேலை பார்த்த ஓர் அம்மா சனிக்கிழமை மட்டினிக்குத் தவறாமல் வருவார். தனியே வந்தால் சனம் கதைக்கும் என்று அக்காவின் மகளைத் துணைக்குக் கூட்டி வருவார். பல்கனியில் இரண்டாவது வரிசை. இடைவேளையில் நான் சோடா கொண்டு போனால் அந்த அம்மாதான் வாங்குவார். பெட்டை நிலத்தைப் பார்த்துக்கொண்டு இருக்கும். பெயர் பூமணி என்று பிறகுதான் தெரியும்.

அதிர்ஷ்டப் படகு ஓடின சனிக்கிழமை, நான் வாசலில் போத்தல் அடுக்கிக்கொண்டு நிற்கிறேன், பூமணி தனியே படியிறங்கி வந்தாள்.

“ஒரு கலர் சோடா தாங்கோ அண்ணை” என்றாள்.

உள்ளே சனம் விழுந்து விழுந்து சிரிக்கிற சத்தம். எனக்கு அதைக் கேட்டுக்கொண்டு நிற்க முடியவில்லை.

“பிள்ளை, அந்தப் படகுக்கு என்ன நடந்தது?” என்று கேட்டேன்.

அவள் என் முகத்தையே பார்த்தாள். பிறகு சொன்னாள்: “ஊர்ச்சனமெல்லாம் சேந்து படகைக் கடலுக்கு இழுத்துக்கொண்டு போச்சினம். அவனும் பெண்சாதியும் அதில ஏறி வேற தேசத்துக்குப் போட்டினம். ரெண்டு பேரும் கை காட்டிக்கொண்டு போகினம்.”

அதற்குள் மணி அடித்துவிட்டது. சனம் வந்துவிட்டது.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் எழுதினால் இந்தச் சஞ்சிகை முழுக்க எனக்கே வேண்டும். அவள் வீட்டார் சோடாக்காரனுக்குப் பெண் கொடுக்கச் சம்மதிக்க இரண்டு வருடம் எடுத்தது. முதல் கடை திறந்த அன்றைக்குத்தான் வாய் திறந்தார்கள். அன்றிலிருந்து கடைக்கு வந்தவனுக்கெல்லாம், பஸ்ஸில் பக்கத்தில் இருந்தவனுக்கெல்லாம் அந்தப் படகின் கதையைச் சொன்னேன். முடிவை மட்டும் எழும்பி நின்று, கை காட்டி நடித்துச் சொல்லுவேன். அந்த முடிவு ஊரில் என்னைத் தவிர வேறு யாருக்கும் சரியாகச் சொல்லத் தெரியாது என்பது என் எண்ணம்.

3

பூமணி இப்போது ஜெர்மனியில் இருக்கிறாள்.

கோபித்துக்கொண்டு போகவில்லை. மகன் எங்கள் இருவருக்கும் சேர்த்துத்தான் கனடாவுக்கு ஸ்பொன்சர் செய்தான். கடதாசி சரிவந்த நேரத்தில் ஜெர்மனியில் மகளுக்குப் பிள்ளை பிறக்க இருந்தது. “நீங்கள் முதல் போங்கோ, நான் பிள்ளையைப் பாத்துப்போட்டு ஆறு மாதத்தில வாறன்” என்றாள். அந்தப் பிள்ளை நடக்கத் தொடங்க முன்னம் அடுத்தது வந்தது. இவளுக்குக் கொடுத்த கனடாக் கடதாசி அங்கேயே காலாவதியாகிப் போனது. எங்கள் சனத்தில் இப்படி எத்தனையோ பேர். தாய் ஒரு பிள்ளையோடு ஒரு தேசத்தில், தகப்பன் மற்றப் பிள்ளையோடு இன்னொரு தேசத்தில். தளபாடத்தைப் பங்கு போட்ட மாதிரி.

போன வருடம் அவளுடைய ஃபைலைத் திரும்பத் திறக்கலாமா என்று கேட்க ஒரு குடிவரவுக் கந்தோருக்குப் போனேன். தமிழ் கதைக்கிற பிள்ளை ஒருத்தியை வைத்திருந்தார்கள்.

“அங்கிள், நீங்கள் கலியாணம் கட்டினவரோ, விவாகரத்தோ, மனிசி இறந்திட்டாவோ, பிரிஞ்சு இருக்கிறியளோ?”

“கட்டினனான்.”

“மனிசி உங்களோட இருக்கிறாவோ?”

“இல்லை. ஜெர்மனியில.”

“அப்ப உங்களுக்குள்ள சண்டையோ?”

“சண்டை பிடிக்க எங்க பிள்ளை முடியுது? ஃபோன் கார்ட் முடிஞ்சிடும்.”

அவள் சிரித்தாள். ஆனாலும் எங்களுக்கு ஏற்ற கட்டம் அந்தக் கடதாசியில் இல்லை. பேனையை வைத்துக்கொண்டு மேலும் கீழும் பார்த்தாள். “முதல்ல அன்ரி வரச் சம்மதமோ எண்டு எழுதி வாங்கிக்கொண்டு வாங்கோ” என்று அனுப்பிவிட்டாள்.

அங்கேதான் காரியம் நின்றுவிட்டது. ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் இங்கேயிருந்து ஃபோன் எடுப்போம். முதலில் மகன் கதைப்பான், பிறகு கலா, பிறகு துளசி “ஹாய் அப்பம்மா” என்று சொல்லிவிட்டு ஓடுவாள். அந்தப் பக்கமும் அப்படித்தான், மகள், மருமகன், சின்னன்கள். கடைசியில் கார்டில் மிச்சமிருந்தால் எனக்கும் அவளுக்கும்.

“பிரஷருக்குக் குளிசை போட்டனீரோ?”

“ஓம். அங்க குளிரோ?”

“குளிர்தான். இஞ்சால எப்ப வாறீர்?”

“அடுத்த வருஷம் பாப்பம். எனக்கு இஞ்ச ஒரு குறையும் இல்லை.”

ஒவ்வொரு கிழமையும் இதுதான். குறையில்லை என்கிற மனிசியிடம் எதை எழுதி வாங்குவது? முப்பத்தெட்டு வருடம் ஒன்றாகக் கடை நடத்தியவர்கள் நாங்கள். நான் கல்லாவில் இருப்பேன், அவள் உள்ளே இருந்து என்னை வெருட்டுவாள். இப்போது குளிருக்கும் குளிசைக்கும் நடுவில் எங்களுக்குக் கதை இல்லை. நான் இல்லாமல் அவள் பழகிவிட்டாள் என்றுதான் நினைத்தேன். அதை ஒருவருக்கும் சொல்லவில்லை. என்னைப் போன்றவன் சொல்லவும் மாட்டான்.

4

படகின் முடிவைத் தவறவிட்ட அன்று பின்னேரம் துளசியைப் பிடித்தேன். தோளில் ஃபோனை இடுக்கிக்கொண்டு சிநேகிதியோடு கதைத்துக்கொண்டிருந்தாள்.

“பிள்ளை, மத்தியானம் ஒரு படம் போட்டவங்கள். அதைத் திரும்பப் பாக்க ஏலுமோ?”

“வட் படம், அப்பப்பா?”

“படகுப் படம். நான் உனக்குச் சின்னனில பேசி அனுப்பின கசற்றிலயும் சொல்லியிருக்கிறன்.”

அவள் கனடாவில் தவழ்ந்த காலத்தில் ஊரிலிருந்து நான் கதை பேசிப் பதிந்து கசற் அனுப்புவேன். அதை அவள் மறக்கவில்லை என்பது எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். “ஓ, த போட் ஸ்ரோறி” என்று ஃபோனை வைத்துவிட்டாள். ரீவிப் புத்தகத்தைப் புரட்டி, சனிக்கிழமை அதையே மறுபடி போடுகிறார்கள் என்று கண்டுபிடித்தாள். வெற்று வீடியோக் கசற் ஒன்றைப் போட்டுப் பதிந்தும் தந்தாள்.

ஞாயிறு காலை இருவரும் இருந்து பார்த்தோம். மகனும் மருமகளும் கடைக்குப் போயிருந்தார்கள், சத்தம் வைத்தே பார்த்தோம். அவர்கள் கதைப்பதை அவள் எனக்குச் சொல்லிக்கொண்டு வந்தாள். நான் அவளுக்கு எந்த இடத்தில் கலரி சிரிக்கும், எந்த இடத்தில் பல்கனி சிரிக்கும் என்று சொன்னேன். “அப்பப்பா, யூ வேர் லைக் த பொஸ் ஒஃப் த தியேட்டர்” என்றாள். அதற்கு நான் மறுப்புச் சொல்லவில்லை.

கடைசிப் பகுதி வந்தது. கதிரைக் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன்.

படகை வாங்க ஒருவன் வருகிறான், பேரம் பேசிவிட்டுப் போகிறான். வேலி உடைந்த அயலவன் சமாதானமாகி வேலியைத் திருத்துகிறான். முதலாளி திரும்ப வேலைக்குக் கூப்பிடுகிறான். படகு மட்டும் வீட்டு முற்றத்திலேயே நிற்கிறது. ஒரு பின்னேரம் அவன் அதில் ஏறிச் சுக்கானைப் பிடித்துக்கொண்டு இருக்கிறான். மனைவி கோப்பிப் போத்தலோடு வந்து பக்கத்தில் இருக்கிறாள். சுற்றிவர புல்லுத்தரை. அவன் சுக்கானை ஒரு பக்கம் திருப்புகிறான். அவள் ஏதோ கேட்கிறாள், அவன் ஏதோ சொல்கிறான். முடிந்தது.

“என்ன கேட்டவள்?”

“எங்க போறம் எண்டு கேக்கிறா. ஹீ செய்ஸ், வந்திட்டம்.”

“கடலுக்குப் போகேல்லையோ?”

“நோ அப்பப்பா. அவை ஒரு இடமும் போகேல்லை. பட் நீங்கள் கசற்றில, வேற கன்றிக்குப் போனவை எண்டு சொன்னீங்கள்தானே. யூ மேட் இற் அப்?”

“நான் இல்லை. அப்பம்மா சொன்னவ.”

“சோ அப்பம்மா பொய் சொன்னவவா?” துளசிக்குச் சிரிப்பு அடங்கவில்லை. “ஷீ லைட் ரு யூ ஃபோர்ட்டி இயர்ஸ்?”

கசற்றை வெளியே எடுத்து, அதன் முதுகில் இருந்த சின்னப் பிளாஸ்ரிக் துண்டை முறித்தாள். இனி அதன் மேல் ஒருவரும் வேறு எதையும் பதிய முடியாதாம். பிறகு மறுபடி ஃபோனைத் தூக்கிக்கொண்டு தன் அறைக்குள் போய்விட்டாள். அவளுக்கு அது ஒரு பகிடி. அதோடு முடிந்தது.

எனக்கு முடியவில்லை. அன்று பின்னேரம் ஞாயிற்றுக்கிழமை ஃபோன் எடுத்தபோது பூமணி வழக்கம்போல, “எனக்கு இஞ்ச ஒரு குறையும் இல்லை” என்றாள். கேட்கிறவனுடைய முகத்தைப் பார்த்து முடிவு சொல்கிறவள் என்றால், இந்த மூன்று வருடமாகச் சொல்லிவருவது மட்டும் உண்மையோ?

5

செவ்வாய்க்கிழமை காலை ஒன்பது மணிக்கு நானே கார்ட் போட்டு எடுத்தேன். அங்கே மத்தியானம் திரும்பியிருக்கும். மகளும் மருமகனும் வேலையில், பெரிய பிள்ளை பாலர் பள்ளியில். இங்கே மகன் மேலே நித்திரை. குசினி மூலையில் நின்று, வாயைக் கையால் மறைத்துக்கொண்டு கதைத்தேன்.

“இஞ்சாரும், நான்தான்.”

“என்னப்பா? ஆருக்கு என்ன?”

கிழமை நாளில் ஃபோன் வந்தால் எங்கள் சனத்துக்கு அது செத்தவீட்டுச் செய்தி.

“ஒருத்தருக்கும் ஒண்டுமில்லை. சும்மா எடுத்தனான்.”

“செவ்வாய்க்கிழமையிலயோ? ஏன் களவெடுத்தவன் மாதிரிக் கதைக்கிறியள்?”

“மேல மகன் படுத்திருக்கிறான். அங்க ஆர் நிக்கினம்?”

“ஒருத்தரும் இல்லை. சின்னவன் நித்திரை.”

“அதிர்ஷ்டப் படகு ஞாபகம் இருக்கோ?”

“ஏன் கேக்கிறியள்?” என்றாள்.

“இஞ்ச ரீவியில போட்டவங்கள். முடிவு பாத்திட்டன். நீர் சொன்ன மாதிரி இல்லை.”

அவள் சிரித்தாள். அந்தச் சிரிப்பை நான் கேட்டு எவ்வளவு காலம். “கடைசியில பிடிச்சிட்டியளே” என்றாள்.

“ஏன் எனக்குப் பொய் சொன்னனீர்?”

“முடிவு பாத்தாத்தானே அப்பா உண்மை சொல்ல? நான் பாக்கேல்லை.”

“பாக்காமல்?”

“படம் முடிய முன்னம் எழும்பி வந்திட்டன். சின்னம்மாட்டத் தண்ணி விடாய்க்குது எண்டு சொன்னனான். சனம் வந்தால் உங்களோட எங்க ஒரு வார்த்தை கதைக்கிறது? போத்தலும் நீங்களும் தனிய நிக்கிற நேரம் எனக்குத் தெரியும். வந்தால், நீங்கள் படத்தைப் பற்றிக் கேக்கிறியள். எனக்கு என்ன தெரியும்? வாயில வந்ததைச் சொன்னனான்.”

வாழ்க்கையில் வாயடைத்துப்போய் நின்றவன் இல்லை நான். வரி கேட்டு வந்தவனையும் பேசிச் சோடா குடிக்க வைத்து அனுப்பியவன். அன்றைக்குக் குசினியில், மூடியிருந்த தண்ணீர்ப் பைப்பை இன்னும் இறுக்கி மூடினேன்.

“நிக்கிறியளே அப்பா?”

“நிக்கிறன். அப்ப இந்த ஞாயிற்றுக்கிழமையில சொல்லுறது? ஒரு குறையும் இல்லை எண்டு?”

தூரத்தில் ஏதோ வாகனம் போகிற சத்தம் கேட்டது. அவளுடைய தெருவின் சத்தம். அதை நான் முன்பு கேட்டதே இல்லை.

“அது சனத்துக்கு முன்னால சொல்லுறதப்பா” என்றாள்.

பிறகு தானே பேச்சை மாற்றினாள். “சரி, உண்மையான முடிவு என்ன? அதைச் சொல்லுங்கோ.”

சொல்ல வாய் திறந்தேன். யாபாரி புத்தி குறுக்கே வந்தது.

“கசற் இருக்கு. வந்து பாரும்.”

“சொல்லுங்கோவன்.”

“மிகுதியை வெள்ளித்திரையில் காண்க.”

“உந்தச் சோடாக்காரன்ர குணம் இன்னும் போகேல்லை” என்றாள். அதற்குள் அங்கே கதவு திறக்கிற சத்தம். குரலைத் தாழ்த்தினாள். “இவை வந்திட்டினம், வைக்கிறன். என்னப்பா, கசற் பழுதாப்போகாதே?”

வைத்துவிட்டாள்.

6

அன்று மகன் எழும்பிச் சாப்பிட இருந்தபோது, அம்மாவின் ஃபைலைத் திறக்க வேண்டும், என்னைக் கந்தோருக்குக் கூட்டிக்கொண்டு போ என்றேன்.

“அப்பா, அம்மா வரமாட்டன் எண்டுதானே சொல்லுறவ. நானே எத்தினை தரம் கேட்டனான்.”

“நீ கேட்டது ஞாயிற்றுக்கிழமையில” என்றேன்.

அவனுக்கு விளங்கவில்லை. ஆனாலும் அடுத்த லீவு நாளில் கூட்டிப்போகிறேன் என்றான்.

ஜெர்மனிக்கும் இந்தச் சஞ்சிகை போகிறது என்று கேள்விப்பட்டேன். அங்கே இருந்து வாசிக்கிறவர்கள், இரண்டு சின்னன்களைக் கையில் பிடித்துக்கொண்டு போகிற பூமணி என்கிற மனிசியைக் கண்டால், படகுக்கு என்ன நடந்தது என்று சொல்லிப்போடாதீர்கள். அது எங்கள் இருவருக்கும் இடையில் இருக்கிற யாபாரம்.

அவள் கேட்ட கேள்விக்கு மறுமொழி தெரிய வேண்டும் என்று, போன கிழமை பனிக்குள்ளால் நடந்து தமிழ் வீடியோக் கடைக்குப் போனேன். கடைக்காரப் பொடியன் கசற்றை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான்.

“இது எவ்வளவு காலம் கிடக்கும், தம்பி?”

“அடிக்கடி போட்டால் நாடா தேஞ்சுபோம், ஐயா. போடாமல் வைச்சால் பூஞ்சணம் பிடிக்கும். ஆருக்குக் காட்டுறதெண்டாலும் நாள் போக்காமல் கெதியாக் காட்டிப்போடுங்கோ.”

கசற்றை மேற்சட்டைக்குள் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். அவன் சொன்னதை அவளுக்கு இன்னும் சொல்லவில்லை. வருகிற செவ்வாய்க்கிழமை, சனம் வரமுன்னம், சொல்ல வேண்டும்.